தூங்காத சோப்பு

இன்னும் பிறக்காத, ஆனால் இதைப் படிக்கும்போது என்னைவிட உயரமாக இருக்கப்போகிற என் மகனுக்கு,

நீ மகனா மகளா என்று எனக்குத் தெரியாது. எங்கள் தமிழ் மிஸ் பதினொன்றாம் வகுப்புக்குக் கொடுத்த வீட்டுப்பாடத்தில், 'நீங்கள் பெற்றோராகி, வளர்ந்த உங்கள் மகனுக்கு எழுதும் கடிதம்' என்று இருந்தது. அதனால் நீ மகன். போன வாரம் ஒரு பக்கம் எழுதிக் கொடுத்தேன். உழைப்பு, நேர்மை, பெரியவர்களை மதிப்பது எல்லாம் அதில் வரிசையாக இருந்தன. மிஸ் சிவப்பு மையில் 'மிக நன்று' என்று எழுதி, வகுப்பில் வாசிக்கச் சொன்னார். நேர்மை என்ற சொல் வந்த இடத்தில் என் குரல் உள்ளே போய்விட்டது. கூச்சம் என்று நினைத்துக்கொண்டார்கள். இது அந்தக் கடிதம் இல்லை. இதை வேதியியல் ரெக்கார்டு நோட்டின் கடைசிப் பக்கங்களில் எழுதுகிறேன். விளக்கைப் போட்டால் கூடத்தில் தூங்கும் அம்மாவின் முகத்தில் வெளிச்சம் விழும் என்பதால் அடுக்களைத் தரையில் உட்கார்ந்து ஃபோன் வெளிச்சத்தில் எழுதுகிறேன். நாளைக் காலை பத்து மணிக்கு உன் தாத்தா, அதாவது என் அப்பா, ஒரு தாளில் கையெழுத்துப் போடப் போகிறார். எங்களுக்குத் தெரிந்த செய்முறை முழுவதையும் எதையும் மறைக்காமல் கொடுத்துவிட்டோம் என்று அதில் ஒரு வரி இருக்கிறது. அந்த வரி பொய். அதைப் பொய்யாக்கியது நான். அப்பாவுக்கு அது தெரியாது.

என் இடது மணிக்கட்டின் உள்பக்கத்தில் ஐந்து ரூபாய் நாணயம் அளவுக்கு ஒரு சிவப்பு வட்டம் இருக்கிறது. சாயங்காலம் வந்தது. எழுதும்போது நோட்டின் ஓரம் அதில் உரசினால் எரிகிறது. அது எப்படி வந்தது என்று உன்னிடம் ஒழுங்காகச் சொல்லிவிட்டால், விடிந்ததும் அப்பாவிடமும் சொல்ல முடியும் என்று தோன்றுகிறது. பயமாக இருக்கிறது. நீ வளர்ந்தவன், எதையும் தாங்கிக்கொள்வாய் என்பதால் முதலில் உன்னிடம் சொல்கிறேன்.

உன் தாத்தா மேனாம்பேட்டிலேயே பிறந்து மேனாம்பேட்டிலேயே இருப்பவர். வீட்டுக்குப் பின்னால் சிமெண்ட் ஷீட் கூரை போட்ட ஷெட்டில் பாத்திரம் தேய்க்கும் சோப்பு செய்கிறார். அதன் பெயர் நீல வாத்து. உறையில் இருக்கும் வாத்தை என் தாய்மாமா வரைந்தார். அவருக்கு வாத்து வரைய வராது. அதனால் ஆவடியிலிருந்து பூந்தமல்லி வரை எந்தக் கடையிலும் எங்கள் சோப்பை யாரும் நீல வாத்து என்று கேட்பதில்லை, கோழி சோப்பு என்றுதான் கேட்பார்கள். அப்பாவுக்கு இதில் கோபமே வந்ததில்லை. "கோழின்னா கோழி. காசு குடுக்கசொல்ல வாத்துன்னு நெனச்சிக்கறேன்" என்பார். உறையின் பின்பக்கத்தில், குறைகள் இருந்தால் அழைக்கவும் என்று ஒரு எண் இருக்கும். அது எங்கள் வீட்டு ஃபோன். பள்ளி விட்டு வந்ததும் அதை எடுத்துப் பேசுவது ஏழாம் வகுப்பிலிருந்து என் வேலை. சோப்பு சீக்கிரம் கரைகிறது என்பார்கள், பெட்டியில் ஒன்று குறைகிறது என்பார்கள். ஒரு பாட்டி மட்டும் மாதம் ஒருமுறை கூப்பிட்டு, சோப்பு நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு வைத்துவிடுவார்.

நீ சோப்பைப் பற்றி ஒன்று தெரிந்துகொள்ள வேண்டும், இல்லாவிட்டால் நான் செய்தது உனக்குப் புரியாது. கறுப்பு கேனில் பாகு மாதிரி ஒரு திரவம் வரும். ஆசிட் ஸ்லர்ரி என்பார்கள். அழுக்கை எடுப்பது அதுதான், தோலைத் தின்பதும் அதுதான். சோடாவையும் கல்மாவையும் சேர்த்துக் கலக்கினால் அது அடங்கும். ஆனால் உடனே அடங்காது. கலந்த மாவை ஈரச் சாக்கு போட்டு மூடி ஓர் இரவு அப்படியே விட வேண்டும். எங்கள் ஷெட்டில் இதை 'மாவு தூங்கணும்' என்பார்கள். காலையில் கலா அக்கா வருவார். சேக்காட்டிலிருந்து பஸ்ஸில் வருபவர், நான் பிறப்பதற்கு முன்பிருந்தே எங்களிடம் வேலை செய்கிறார். வந்ததும் சாக்கைத் தூக்கி ஒரு சிட்டிகை மாவை எடுத்து, தண்ணீரில் நனைத்து, தன் மணிக்கட்டின் உள்பக்கத்தில் ஒட்டிக்கொள்வார். ஷெட்டில் எஃப்.எம். ஓடிக்கொண்டிருக்கும். ஒரு பாட்டு முழுவதும் முடியும்வரை கையில் ஒன்றும் தெரியாவிட்டால் மாவு தூங்கிவிட்டது, மெஷினில் போட்டு சோப்புப் பாராக வெட்டலாம். பாதிப் பாட்டில் அரித்தால் இன்னும் கொஞ்சம் சோடா போட்டு, இன்னும் அரை நாள் மூடி வைக்க வேண்டும். நடுவில் விளம்பரம் வந்தால் என்ன செய்வது என்று ஒருமுறை கேட்டேன். "வெளம்பரத்துக்கு எரியாது பாப்பா, அதுக்கு எரிச்சல்தான் வரும்" என்றார்.

இப்போது முத்தாபுதுப்பேட்டையில் இருக்கும் தனபால் மாமாவைப் பற்றிச் சொல்கிறேன். அப்பாவின் நண்பர். லேபிளில் மூன்று கோயில் மணிகள் படம் போட்டு, மூணு மணி என்ற பெயரில் ஃபினாயில் செய்துகொண்டிருந்தார். அவருடைய பெயரை ஒரு பெரிய கம்பெனி வாங்கியது. எங்கள் எல்லோருக்கும் பிரியாணி போட்டார். முதல் ஆறு மாதம் எங்கே பார்த்தாலும் மூணு மணி இருந்தது. புது பாட்டில், புது மூடி, பஸ் முதுகில் விளம்பரம். பிறகு வாசனை மாறியது. பிறகு சின்ன பாட்டிலை நிறுத்தினார்கள். தெருக்கடைகளில் சின்ன பாட்டில்தான் போகும், அதனால் தெருக்கடைகள் போயின. பிறகு கம்பெனியின் சொந்த ஃபினாயில் லேபிளின் மூலையில் சின்னதாக மூன்று மணிகள் மட்டும் இருந்தன. அடுத்த லேபிளில் அவையும் இல்லை. பெயர் இன்னும் கம்பெனியிடம்தான் இருக்கிறது. அவர்களும் பயன்படுத்த மாட்டார்கள், மாமாவும் பயன்படுத்தக் கூடாது. ஒப்பந்தப்படி ஐந்து வருடம் அவர் ஃபினாயிலே செய்யக் கூடாது. தன் வீட்டுத் தரையைத் துடைக்கக் கடையில் போய் வேறு ஃபினாயில் வாங்கினார்.

நீல வாத்தை வாங்க அப்பாவைத் தேடி ஒரு பெரிய சோப்புக் கம்பெனி வந்தபோது, யோசனை கேட்க அப்பா என்னையும் கூட்டிக்கொண்டு தனபால் மாமா வீட்டுக்குப் போனார். டீ குடித்துக்கொண்டிருந்தோம். மாமாவின் ஃபோன் அடித்தது. எடுத்து, "ஆமாங்க, மூணு மணிதாங்க. நொர வரலியா? வாசனயும் இல்லியா? மன்னிச்சுக்கோங்க. மேல சொல்றேன்" என்று சொல்லி வைத்தார். அப்பா டம்ளரைக் கீழே வைத்தார்.

"இன்னாத்துக்குயா மன்னிப்பு கேக்கற? நீ வித்துதான் நாலு வருசம் ஆவுதே."

"இன்னா பண்றது மாமே. பழய பாட்டில்ல என் நம்பரு கீது. கழுவி எண்ண ஊத்தி வெச்சிகினு கீறாங்க. கம்பெனி ஃபினாயிலு சரியில்லன்னா அதப் பாத்து எனக்கு போன் பண்றாங்க."

"வித்துட்டேன்னு சொல்ல வேண்டிதான?"

"சொல்லிப் பாத்தேன். ஏன் வித்தேன்னு கேக்கறாங்க. அதுக்கு பதில் சொல்றதுக்கு மன்னிப்பு கேக்கறதே ஈசி மாமே."

மேலே யாரிடம் சொல்வீர்கள் என்று நான் கேட்டேன். மாமா அண்ணாந்து பார்த்தார். "மேல ஃபேன்தான் கீது பாப்பா" என்று சொல்லிச் சிரித்தார். அப்பாவும் சிரித்தார். என்றைக்காவது நீ உன் கையால் செய்ததை யாருக்காவது விற்க வேண்டி வந்தால், முதலில் உறையிலிருந்து உன் எண்ணை எடுத்துவிட்டு விற்றுவிடு. இது மிஸ்ஸுக்கு எழுதிய கடிதத்தில் இல்லை.

ஆனாலும் அப்பா விற்கச் சம்மதித்தார். அவரைக் குறை சொல்ல முடியாது. பெரிய கம்பெனிகள் பாரோடு பாத்திரம் தேய்க்கும் நார் ஒன்றையும் இலவசமாகக் கொடுத்தபோது, கடைக்காரர்கள் எங்கள் பெட்டியைக் கீழ்த்தட்டுக்குத் தள்ளினார்கள். அப்பாவால் இப்போது மூட்டை தூக்க முடியவில்லை, முதுகில் பெல்ட் கட்டிக்கொண்டுதான் வேலை செய்கிறார். அம்மாவும் எடுத்துச் சொன்னார். இப்படி விற்ற சின்ன கொசுவத்தி ஒன்று இப்போது வெளிநாட்டில்கூடக் கிடைக்கிறதாம். அது உண்மையாகவே இருக்கலாம். அந்தக் கொசுவத்தியை முதலில் செய்தவர் யார் என்று அம்மாவிடம் கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை.

கம்பெனியிலிருந்து வந்தவர் பெயர் பிரவீன். அவரைக் கெட்டவர் என்று உன்னிடம் சொல்லமாட்டேன். அப்பாவை சார் என்று கூப்பிடுவார். அம்மா கொடுக்கும் காபியை மிச்சம் வைக்காமல் குடிப்பார். செய்முறையை ஆங்கிலத்தில் எழுதிக் கொடுக்கச் சொன்னார். எங்களிடம் எழுதி வைத்தது எதுவுமே இல்லை. அளவுகள் எல்லாம் கலா அக்காவின் பிளாஸ்டிக் மக்கிலும் அப்பாவின் தலையிலும் இருந்தன. அப்பா சொல்லச் சொல்ல, நடுநடுவே அம்மா திருத்த, நான் லேப்டாப்பில் டைப் செய்தேன். ஐந்து படிகள் சுலபமாகப் போயின. ஆறாவதில் மாட்டிக்கொண்டேன். ஓர் இரவு மூடி வைக்கவும் என்று எழுதிவிடலாம். கலா அக்காவின் மணிக்கட்டையும் எஃப்.எம். பாட்டையும் எப்படி எழுதுவது? பிரவீன் படித்துவிட்டுச் சிரிப்பாரோ என்று வெட்கமாக இருந்தது. ஆங்கில மிஸ்ஸிடம் கேட்டு எழுதலாம் என்று, ஆறு என்ற எண்ணை மட்டும் போட்டு, இடம் விட்டு, ஏழாவதுக்குப் போய்விட்டேன். அதுவரை நான் எந்தத் தப்பும் செய்யவில்லை. இதை நீ நம்ப வேண்டும்.

மறுநாள் பள்ளியிலிருந்து வந்தபோது பிரவீன் எங்கள் வாசலில் கார் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு ஃபோனில் பேசிக்கொண்டிருந்தார். யூனிஃபார்மில் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வரும் பெண்ணுக்காக யாரும் குரலைத் தாழ்த்துவதில்லை. "யூனிட்டெல்லாம் ஒண்ணுமில்ல, பழைய ஷெட்டு. லேடீஸ் பதினோரு பேர் இருக்காங்க, அது நமக்கு வேணாம். பேர் மட்டும் போதும். ரெண்டு வருஷம் ஓட்டிட்டு அப்படியே நம்ம சோப்புக்குள்ள கொண்டு போயிடலாம்" என்றார். என்னைப் பார்த்ததும் சிரித்து, "எக்ஸாம் எப்ப?" என்று கேட்டார். நான் பதில் சொன்னேன். என்ன சொன்னேன் என்று நினைவில்லை. உள்ளே கலா அக்கா உறை மடித்துக்கொண்டே யாரையோ கிண்டல் செய்துகொண்டிருந்தார். எனக்குத் தனபால் மாமாவின் மூன்று மணிகள் ஒவ்வொரு லேபிளாகச் சின்னதாகிப் போனது நினைவுக்கு வந்தது.

அன்று சாயங்காலம் லேப்டாப்பைத் திறந்தேன். காலியாக இருந்த ஆறை அழித்தேன். ஏழை ஆறாக்கினேன். எட்டை ஏழாக்கினேன். பதினொரு படிகள் பத்தாயின. காலி இடம் அப்படியே இருந்திருந்தால் யாராவது இங்கே என்ன என்று கேட்டிருப்பார்கள். நான் எண்களை ஒழுங்குபடுத்தியதால் யாரும் கேட்கவில்லை. சோப்பு அவர்களுக்குச் சரியாக வராது, விரிசல் விடும், திரும்பி வந்து கலா அக்காவை அனுப்புங்கள் என்று அப்பாவிடம் கெஞ்சுவார்கள், ஷெட்டை மூடமாட்டார்கள் என்று நினைத்தேன். எனக்குத் தெரிந்தது கண்டுபிடிக்கவே முடியாத ஒரு பெரிய ரகசியம் மாதிரி அப்போது சந்தோஷமாகக்கூட இருந்தது. சோப்பு கெட்டுப்போவதை மட்டுமே யோசித்தேன். அதைக் கையில் பிடிக்கப் போகிறவர்களை ஒருமுறைகூட யோசிக்கவில்லை.

அந்தத் தாள்களைக் கொடுத்த அன்று பிரவீன், "ஒரு தடவ படிச்சுப் பாத்துடுங்க சார்" என்றார். உன் தாத்தா யாரையும் எதிர்த்துப் பேசத் தெரியாதவர். பயம் வந்தால் சிரிப்பார். அன்றும் சிரித்துக்கொண்டே, "எம்பொண்ணு டைப் பண்ணது சார். தப்பு இருக்காது" என்று சொல்லி, ஒவ்வொரு பக்கமாகத் திருப்பி அடியில் கையெழுத்துப் போட்டார். அப்போது அவர் ஒரு முட்டாள் மாதிரி இருந்தார். அப்படி நினைத்துக்கொண்டு பக்கத்தில் நின்றேன், பேனா மூடியைக் கையில் வைத்துக்கொண்டு. உன்னை நம்பி யாராவது படிக்காமல் கையெழுத்துப் போட வந்தால், நீயே ஒருமுறை அவருக்கு உரக்கப் படித்துக் காட்டு. படிக்க உனக்குக் குரல் வரவில்லை என்றால், என்ன செய்திருக்கிறாய் என்று உனக்கே தெரிந்துவிடும்.

சோப்பு கெட்டுப்போகவில்லை. அதுதான் நான் எதிர்பார்க்காதது. கம்பெனி ஆய்வகத்தில் முதலில் ஒரு கிலோ செய்து, மேசையில் வைத்துவிட்டுப் போய், மறுநாள் வந்து சோதித்திருக்கிறார்கள். எல்லாம் சரியாக இருந்ததாம். அந்த ஒரு கிலோ மேசையிலேயே தூங்கியிருக்கிறது. பிறகு வேறு ஊரில் யாருடைய ஆலையிலோ பெரிய மெஷினில், என் பத்துப் படிகளின்படி, கலந்த ஒரு மணி நேரத்துக்குள் வெட்டி உறை போட்டுவிட்டார்கள். ஐந்து நாட்களுக்கு முன் இரண்டு அட்டைப்பெட்டிகள் எங்கள் வீட்டுக்கு வந்தன, அப்பா பார்த்து சரி என்று சொல்வதற்காக. பார் வழுவழுப்பாக, எங்களுடையதைவிட அழகாக இருந்தது. வாத்தையும் மாற்றியிருந்தார்கள். இப்போது அது நிஜமான வாத்து, கண் சிமிட்டுகிறது. ஆவடியில் ஒரு கடைக்காரர் அதைப் பார்த்துவிட்டு அப்பாவுக்கு ஃபோன் செய்து, "அண்ணே, உங்க கோழி சோப்புல யாரோ டூப்ளிகேட் உட்டுகினு கீறான்" என்றார். அப்படித்தான் தெரிந்தது, அப்பா கையெழுத்துப் போடுவதற்கு முன்பே அவர்கள் ஒரு வண்டி நிறையக் கடைகளுக்கும் அனுப்பிவிட்டார்கள் என்று. உறையின் பின்பக்கம் எண் மாறவில்லை. எங்கள் வீட்டு எண்ணே இருந்தது.

நேற்று கலா அக்கா வேலைக்கு வந்தபோது உள்ளங்கையில் தேங்காய் எண்ணெய் தடவியிருந்தார். விரல் இடுக்குகளில் தோல் வெள்ளையாக உரிந்திருந்தது. அப்பா கொடுத்த புது பாரில் இரண்டை வீட்டுக்கு எடுத்துப் போயிருக்கிறார்.

"சோப்பா சுண்ணாம்பா பாப்பா இது? கையப் புட்ச்சி கடிக்குது" என்றார் என்னிடம். பிறகு புது பாரிலிருந்து கொஞ்சம் கிள்ளி, நனைத்து, எப்போதும் போல மணிக்கட்டில் ஒட்டிக்கொண்டார். எஃப்.எம்.மில் பாட்டு தொடங்கி முதல் சரணம் வருவதற்குள் குழாயடிக்கு ஓடிவிட்டார். "இது தூங்கவே இல்ல. அண்ணே, இங்க வந்து பாரு, தூங்க வெக்காம அட்ச்சிருக்கான்."

அப்பா வந்து தன் கட்டைவிரலில் தேய்த்துப் பார்த்தார். முகம் மாறியது. உடனே பிரவீனைக் கூப்பிட்டார். நான் பக்கத்தில்தான் நின்றேன். பிரவீன் பேசுவது வெளியே கேட்டது. "உங்க டாக்குமென்ட்ல இருக்கறத லைன் லைனா ஃபாலோ பண்ணித்தான் சார் பண்றாங்க."

"ஒரு ராத்திரி மூடி வெக்கணும்னு அதுலயே எய்தி கீது சார்."

"இல்லையே சார். சரி, நாளன்னிக்கு கையெழுத்துக்கு வரும்போது டாக்குமென்ட கொண்டு வரேன். நேர்ல பாத்துடலாம்."

ஃபோனை வைத்துவிட்டு அப்பா சிரிக்கவில்லை. பல வருடங்களாக எல்லோரிடமும் சரி சார், சரி சார் என்று சொன்னவர், முதுகை நிமிர்த்தி நின்றார். "எய்தித்தானே குடுத்தோம்? படிக்காம ஊரு ஜனங்க கையப் புண்ணாக்கிட்டு நம்ம மேல சொல்றானுங்க. வரட்டும். மூஞ்சிக்கு நேரா தொறந்து காட்றேன். எம்பொண்ணு டைப் பண்ணது, அதுல எல்லாம் கீது" என்றார். கலா அக்கா, "அப்பிடி கேளு அண்ணே" என்றார். அம்மா ஆச்சரியமாகப் பார்த்தார். இன்று அவரே தன் வெள்ளைச் சட்டையை இஸ்திரி போட்டு மாட்டி வைத்திருக்கிறார். வாழ்க்கையில் முதல் தடவையாக உன் தாத்தா ஒருவரை எதிர்த்துப் பேசப் போகிறார். நான் அழித்த வரியை நம்பிப் பேசப் போகிறார். அவர்கள் அந்தப் பக்கத்தைத் திறப்பார்கள். ஐந்துக்குப் பிறகு ஆறு இருக்கும். அவர் தேடுவது இருக்காது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திரும்பத் திரும்பத் தேடுவார். பிறகு சிரிப்பார். எனக்கு அந்தச் சிரிப்பு இப்போதே தெரிகிறது.

இன்று சாயங்காலமே சொல்லிவிட வேண்டும் என்று பையைக்கூடக் கழற்றாமல் அவர் முன்னால் போய் நின்றேன். அப்போது ஃபோன் அடித்தது. அது என் வேலை, எடுத்தேன். பூந்தமல்லிப் பக்கத்திலிருந்து ஒரு அக்கா. "ஏம்மா, உங்க கோழி சோப்பு புது பாக்கெட்டு வாங்கினேன். ரெண்டு கையும் எரியுதும்மா. கொழந்தையோட பால் பாட்டில அதுலதான் கழுவுறேன், ஒண்ணும் ஆகாதுல்ல?" என்றார். "மன்னிச்சுக்கோங்க. மேல சொல்றேன்" என்றேன். தனபால் மாமாவின் குரலிலேயே சொன்னேன். அந்த அக்கா விடவில்லை. "நீங்க யாரு பேசறது?" என்று கேட்டார். நான் கட் செய்துவிட்டேன். "யாரு?" என்று அப்பா கேட்டார். ராங் நம்பர் என்றேன். அன்றைக்கு நான் அழித்தது ஒரு வரி. இன்று நான் சொன்ன இரண்டு வார்த்தைகள் அதைவிட மோசம், ஏனென்றால் இப்போது எனக்குக் கைகள் தெரியும். கலா அக்காவின் கை தெரியும். பால் பாட்டிலைப் பிடிக்கும் ஒரு சின்னக் கையும் தெரியும்.

அதற்குப் பிறகுதான் அட்டைப்பெட்டியிலிருந்து ஒரு பாரை எடுத்துக்கொண்டு மொட்டை மாடிக்குப் போனேன். கலா அக்கா செய்வது போல ஒரு சிட்டிகை நனைத்து ஒட்டிக்கொண்டேன். ஒரு பாட்டு முழுவதையும் மனதுக்குள் பாடி முடித்துவிட வேண்டும், முடித்துவிட்டால் இது பெரிய விஷயம் இல்லை என்று நினைத்தேன். பாதியில் கழுவிவிட்டேன். வட்டம் வந்துவிட்டது. சோப்புக்கு நான் யார் என்று தெரியவா போகிறது.

மணி நாலரை ஆகிறது. அப்பா ஐந்து மணிக்கு எழுந்து பின்பக்கம் போய்த் தண்ணீர் மோட்டார் போடுவார். என்ன நடக்கும் என்று எழுதிப் பார்த்தேன். கம்பெனி வேண்டாம் என்று போகலாம். கேஸ் போடலாம். அப்பா என்னோடு பேசாமல் இருக்கலாம். சொன்னாலும் சொல்லாவிட்டாலும் ஷெட்டை மூடிவிடுவார்கள், வாத்து ஒவ்வொரு உறையாகச் சின்னதாகும், அதைத் தடுக்க என்னால் முடியாது. ஆனால் ஆறாவது படியை இப்போது எழுதிவிட்டேன். இந்த நோட்டின் அடுத்த பக்கத்தில் இருக்கிறது. மாவை ஈரச் சாக்கால் மூடி ஓர் இரவு வைக்கவும். காலையில் ஒரு சிட்டிகையை நனைத்து மணிக்கட்டின் உள்பக்கம் வைக்கவும். ஒரு பாட்டு முடியும்வரை எரியக் கூடாது. ஆங்கிலத்திலும் எழுதினேன். கஷ்டமாகவே இல்லை. யாரும் சிரிக்கிற மாதிரியும் இல்லை.

வாயால் சொல்ல எனக்கு வராது, அதனால் நோட்டையே அப்பாவிடம் கொடுக்கப் போகிறேன். உனக்கு எழுதியதை உனக்கு முன்னால் உன் தாத்தா படிக்கப் போகிறார். பயந்தால் சிரிப்பார் என்று எழுதிய இடத்தையும், முட்டாள் மாதிரி இருந்தார் என்று எழுதிய இடத்தையும் அடித்துவிடலாமா என்று பேனாவை வைத்துப் பார்த்தேன். அடிக்கவில்லை. ஒருமுறை அழித்தது போதும். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முழுவதையும் படிக்கட்டும், இந்தத் தடவை கையெழுத்துக்கு முன்னால் படிக்கட்டும். கடைகளுக்குப் போன வண்டியைப் பற்றி பத்து மணிக்கு அவர் பிரவீனிடம் கேட்க முடியும். நிமிர்ந்து நின்று கேட்க முடியுமா என்று எனக்குத் தெரியாது. பக்கத்தில் நான் நிற்பேன்.

மோட்டார் சத்தம் கேட்கிறது. பூந்தமல்லி அக்காவின் எண் ஃபோனில் இருக்கிறது. அப்பா படித்து முடித்ததும் அவரைத்தான் கூப்பிட வேண்டும், பால் பாட்டிலை வெந்நீரில் நன்றாக அலசச் சொல்ல வேண்டும், அந்தச் சோப்பைத் தூக்கிப் போடச் சொல்ல வேண்டும். நீங்க யாரு பேசறது என்று மறுபடி கேட்பார். என் பெயரை முதலில் அவரிடம் சொல்ல வேண்டும். அதனால் இங்கே எழுதவில்லை.

உன் அம்மா